கவுளி சொன்ன பக்கம்

காளிச்சாமியின் நெஞ்சில் மூன்று அடைப்பு. திங்கட்கிழமை காலையில் கோயமுத்தூர் ஆஸ்பத்திரியில் சேர வேண்டும், புதன்கிழமை பைபாஸ். தள்ளிப்போட்டால் அடுத்த தீபாவளிக்கு இருப்பார் என்று தன்னால் சொல்ல முடியாது என்று டாக்டர் கையை விரித்துவிட்டார். மகள் செவ்வந்தி இரண்டு வாரமாக நாயாய் அலைந்து, காப்பீட்டு அட்டைக்கு வரிசையில் நின்று, ரத்தம் கொடுக்க நான்கு பேரைப் பிடித்து, வேலை செய்யும் கிளினிக்கில் விடுப்புக்குக் கெஞ்சி, எல்லாவற்றையும் ஒரு வழிக்குக் கொண்டுவந்திருந்தாள். வெள்ளிக்கிழமை சாயங்காலம் ஒரு பல்லி வாயைத் திறந்து அத்தனையையும் கெடுத்தது.

பல்லி என்று சொன்னால் காளிச்சாமிக்குக் கோபம் வரும். கவுளி என்று சொல்ல வேண்டும். அவிநாசியை அடுத்த அவர்கள் ஊரில், மாகாளியாத்தா கோயிலில், எந்தக் காரியத்துக்கும் முன்னால் கவுளி கேட்பது அந்தக் குடும்பத்து வழக்கம். குடும்பத்தில் பெரிய ஆம்பளை ஆத்தாளுக்கு எதிரே சம்மணம் போட்டு உட்கார்ந்து, காரியத்தைச் சொல்லிவிட்டுக் காத்திருப்பார். வலப்பக்கம் கவுளி சொன்னால் உத்தரவு. இடப்பக்கம் சொன்னால் வேண்டாம். சொல்லாமலே இருந்தால் இன்னொரு வெள்ளிக்கிழமை வர வேண்டும். கோர்ட்டில்கூட மேல்முறையீடு உண்டு, இங்கே கிடையாது.

அவருடைய அப்பா உயிரோடு இருந்தவரை அவர்தான் கேட்டார். வலமும் வந்தது, இடமும் வந்தது. காளிச்சாமி அந்த இடத்தில் உட்கார ஆரம்பித்து முப்பது வருஷம் ஆகிறது, ஒரே ஒரு தடவைகூட வலப்பக்கம் சொன்னதில்லை. திருப்பூருக்குக் குடிபோகலாமா என்று கேட்டார். இடம். வீட்டுக்குப் பின்னால் ஒரு அறை இழுத்துக் கட்டலாமா? இடம். எருமை வாங்கலாமா என்று கேட்டதற்குக்கூட இடம்தான். ஆத்தாளுக்கு இந்த மனுஷன் மேல் ஏதோ தீராத கோபம் என்று ஊர் முடிவுகட்டிவிட்டது. அவரும் அப்படியே நம்பினார். வருஷம் தவறாமல் தீச்சட்டி எடுத்தார், முடி இறக்கினார், ஆத்தாள் மட்டும் இளகவில்லை. செவ்வந்தி தன் கல்யாணத்துக்குக் கவுளி கேட்கும் பேச்சே வராமல், அன்புமணியைக் கூட்டிக்கொண்டு நேராக ரிஜிஸ்டர் ஆபீஸுக்குப் போனதற்குக் காரணம் இதுதான்.

அதற்கு முன்னால் ஒன்று நடந்திருந்தது. 2006இல் செவ்வந்திக்கு டாக்டர் படிப்புக்கு இடம் கிடைத்தது. அந்தத் தெருவில் அதுவரை பன்னிரண்டாம் வகுப்பைத் தாண்டியவர்களே இரண்டு பேர். ஆடி முதல் வெள்ளியில் காளிச்சாமி கவுளி கேட்டார். இடப்பக்கம் சொல்லிற்று என்றார். பின்னால் நின்ற செவ்வந்திக்குப் பதற்றத்தில் எந்தப் பக்கம் என்று பிடிபடவில்லை. சீட்டு யாருக்கோ போனது. அதற்குப் பிறகு பல நாள், தலை வாரிவிடும்போது, அம்மா காளியாத்தாள் காதோரம் குனிந்து சொல்வாள்: “எனக்குச் சோத்தாங்கைப் பக்கந்தான் கேட்டுது கண்ணு. ஆத்தா உனக்குச் சரின்னுதான் சொன்னா.” ஆறுதலுக்குச் சொல்கிறாள் என்றுதான் செவ்வந்தி நினைத்தாள். ஆனாலும் அந்த ஒரு வாக்கியத்தைப் பிடித்துக்கொண்டு பத்தொன்பது வருஷம் ஓட்டிவிட்டாள். ஒரு வருஷச் சான்றிதழ்ப் படிப்பு படித்து, ஆர்.எஸ்.புரத்தில் ஒரு காது கிளினிக்கில் சேர்ந்து, ஊரான் காதையெல்லாம் சோதித்து, யாருக்கு எவ்வளவு கேட்கிறது என்று காகிதத்தில் கோடு போட்டுக் கொடுக்கிறாள். கையெழுத்துப் போடுவது டாக்டர்.

இப்போது அப்பாவின் நெஞ்சுக்கும் அதே பல்லி.

“ஆத்தா வேண்டாங்கறா. அவ உத்தரவில்லாம என்ற நெஞ்சக் கிழிக்க உடமாட்டேன்” என்று போனில் சொல்லிவிட்டுக் காளிச்சாமி வைத்துவிட்டார்.

செவ்வந்தி சனிக்கிழமை மதியம் கிளினிக்கில் தன் மேசை இழுப்பறையைத் திறந்து, துணியில் சுற்றி வைத்திருந்த டப்பியை எடுத்துப் பைக்குள் போட்டுக்கொண்டாள்.

அந்த டப்பி கோவிந்தராஜுலு கொடுத்தது. பீளமேட்டில் மோட்டார் பட்டறை வைத்திருந்து ஓய்வுபெற்றவர். காது மிஷினுக்கு அளவெடுக்க வந்த இடத்தில், சோப்பு டப்பி அளவில் ஒன்றை மேசைமேல் வைத்தார். பழைய ரேடியோவின் திருகு இரண்டு, சின்னத் திரை ஒன்று, பக்கவாட்டில் ஒரு சிவப்புப் பொத்தான். “ஒரு எடத்துல நின்னு தேதியும் மணியும் வெச்சா, அன்னிக்கு அங்க கேட்ட சத்தத்தப் புடிச்சுக் குடுக்கும்மா. இந்தத் திருகுல கூட்டலாம், கொறைக்கலாம், பக்கம் மாத்தலாம், பல தரம் கேக்க வெக்கலாம், அழிக்கலாம், அழிச்சதத் திரும்பக் கொண்டாரலாம். செவப்ப அமுக்கினா அன்னிக்கே அப்பிடித்தான் கேட்டதா ஆயிரும். மாத்துனவனுக்கு மட்டும் பழசும் ஞாபகத்துல இருக்கும்.”

கிழவருக்குக் காது மட்டுமல்ல, வேறு ஏதோவும் போய்விட்டது என்று செவ்வந்தி நினைத்துக்கொண்டாள். அவர் விடவில்லை. மனைவி ராமாமணி குளியலறையில் வழுக்கி விழுந்து கூப்பிட்டபோது, தான் பக்கத்து அறையில் இருந்தும் போகவில்லை என்றார். இந்த மிஷினைச் செய்ததே அந்தக் குரலைக் கூட்டுவதற்குத்தான். கூட்டினார், இரண்டு மடங்கு கூட்டினார். “அப்பவும் நான் எந்திரிச்சுப் போகலியேம்மா!” என்று மேசையைத் தட்டினார். “எனக்கு வேண்டாம் இந்தச் சனியன். நீயே வெச்சுக்கோ.” அவள் போட்டுக் கொடுத்த கோட்டைப் பார்த்துக்கொண்டே எழுந்து போனார்.

விளையாட்டாகத்தான் அதைச் சோதித்தாள். முந்தின நாள் டாக்டர் தட்டைக் கீழே போட்ட சத்தத்தில் ஒரு குழந்தை வீறிட்டு, கிளினிக்கே கலங்கிப்போனது. அந்தச் சத்தத்தைக் குறைத்துச் சிவப்பை அமுக்கினாள். வரவேற்பில் இருக்கும் ஹாரிகாவிடம் போய், “நேத்து அந்தக் குழந்தை என்னமா அழுதுச்சு” என்றாள். “எந்தக் குழந்தைக்கா?” என்றாள் ஹாரிகா.  செவ்வந்தி அன்றே டப்பியைத் துணியில் சுற்றி உள்ளே வைத்தவள்தான், அப்புறம் தொடவில்லை.

சனிக்கிழமை மூன்று மணிக்கு அவிநாசியில் பஸ் மாறி, ஊருக்குப் போய், வீட்டுக்குக்கூடப் போகாமல் கோயிலுக்குள் நுழைந்தாள். ஆளில்லை. அப்பா உட்காரும் இடத்தில் உட்கார்ந்து, வெள்ளிக்கிழமை சாயங்காலம் ஆறரை என்று வைத்தாள். டப்பி கரகரத்தது. அப்பாவின் இருமல். அம்மாவின் வளையல். பிறகு கவுளி, ச்ச் ச்ச் ச்ச். திரையில் இருந்த முள் இடப்பக்கம் சாய்ந்தது. அவள் திருகைத் திருப்பி முள்ளை வலப்பக்கம் கொண்டுபோய் நிறுத்தினாள். சிவப்பை அமுக்கினாள். வேலை முடிந்தது என்று நினைத்தாள். பாவம்.

வீடு ஐந்து நிமிஷ நடை. காளிச்சாமி கட்டிலில் சாய்ந்திருந்தார்.

“கவுளி எந்தப் பக்கமுங்ப்பா சொல்லுச்சு?”

“அதுதான் போன்லயே சொன்னேனே. பீச்சாங்கைப் பக்கம்.”

செவ்வந்தி சமையல்கட்டுக்குப் போனாள். காளியாத்தாள் ரகசியமாகச் சொன்னாள்: “எனக்கென்னமோ சோத்தாங்கைப் பக்கம் கேட்டாப்பல இருந்துது கண்ணு. சொன்னா உங்கப்பன் பாயுவாரு.”

அப்படியானால் மாறியிருக்கிறது. அம்மாவுக்கு மாறியிருக்கிறது, அப்பாவுக்கு மாறவில்லை. சத்தம் போதவில்லையோ என்று திரும்பக் கோயிலுக்கு நடந்தாள். வலப்பக்கத்துக் கவுளியை இரண்டு மடங்கு கூட்டினாள். திரும்பி வந்தாள்.

“இத்தன வருசத்துல இப்பிடி ஓங்கிச் சொன்னதில்ல அம்மணி” என்றார் காளிச்சாமி, முகம் வெளிறிப்போய். “பீச்சாங்கைப் பக்கம் பட்டுனு அடிச்சுச் சொல்லுது. ஆத்தாளுக்கு அவ்வளவு கோவம்.”

மறுபடியும் நடந்தாள். செருப்பு வார் அறுந்தது, கையில் எடுத்துக்கொண்டாள். இந்த முறை வலப்பக்கம் மூன்று தரம் சொல்ல வைத்தாள். யாருக்கும் சந்தேகம் வரக்கூடாது என்று ஒவ்வொன்றுக்கும் நடுவே இடைவெளி விட்டாள்.

“மூணு தரம்!” என்று மூன்று விரலைக் காட்டினார் காளிச்சாமி. “மூணு தரம் வேண்டாங்கறா. இதுக்கு மேல நான் ஆஸ்பத்திரிக்குப் போனா அது மனுசன் செய்யற காரியமா?”

நான்காவது முறை கவுளியையே அழித்தாள். சத்தமே வராவிட்டால் உத்தரவும் இல்லை, மறுப்பும் இல்லை, எப்படியாவது பேசிச் சம்மதிக்க வைக்கலாம் என்பது கணக்கு. வீட்டுக்கு வந்தால், வெள்ளிக்கிழமை ஆறரைக்குக் கவுளி சொல்லாததால் காளிச்சாமி எட்டு மணிவரை அங்கேயே உட்கார்ந்திருந்தாராம். கடைசியில் வேறொரு கவுளி சொன்னதாம். எந்தப் பக்கம் என்று செவ்வந்தி கேட்கவில்லை. பிள்ளையார் பிடிக்கக் குரங்காக முடிவது என்பார்களே, இங்கே குரங்குகூட ஒழுங்காக வரவில்லை.

வெறுத்துப்போய்க் கடைசியாகக் கோயிலுக்கு வந்து, கவுளியைப் பழையபடி ஒரே ஒரு தரம், வலப்பக்கத்திலேயே சொல்ல வைத்துவிட்டு உட்கார்ந்தாள். அழுகை வந்தது. அழுகையைவிட ஆத்திரம் அதிகமாக வந்தது. வந்த ஆத்திரத்தில் தேதியைத் திருகினாள். 2006, ஆடி முதல் வெள்ளி, சாயங்காலம்.

அப்பாவின் குரல் இளமையாக இருந்தது. “ஆத்தா, புள்ளையப் பட்டணத்துக்கு அனுப்பலாமா?” பிறகு அமைதி. அந்த அமைதிக்குள் யாரோ அவசரமாக மூச்சு விடுவது கேட்டது. அது தன்னுடைய மூச்சு என்று புரிய அவளுக்குக் கொஞ்ச நேரமாயிற்று. அப்புறம், ச்ச் ச்ச் ச்ச்.

முள் வலப்பக்கம் சாய்ந்தது. சந்தேகத்துக்கு இடமில்லாமல், முழுசாக, வலப்பக்கம்.

“பீச்சாங்கைப் பக்கம்” என்றது அப்பாவின் குரல். “வேண்டாங்கறா.”

“இல்லீங், சோத்தாங்கைப் பக்கந்தானுங்க கேட்டுது” என்றது அம்மாவின் குரல்.

“வாய மூடு. கேக்கறது நானா நீயா?”

செவ்வந்தி டப்பியை அணைத்தாள். அம்மா சொன்னது ஆறுதல் இல்லை, நிஜம். அப்பா பொய் சொல்லியிருக்கிறார். சாமி முன்னால் உட்கார்ந்து, மகள் மூச்சு வாங்கிக்கொண்டு பின்னால் நிற்கும்போது, கூசாமல் பொய் சொல்லியிருக்கிறார். அனுப்ப மனசில்லை என்றால் அனுப்ப மனசில்லை என்று சொல்லித் தொலைத்திருக்கலாம். ஆத்தாள் தலையில் எதற்குப் போட வேண்டும்? இந்த மனுஷனுக்காகவா இரண்டு வாரம் வரிசையில் நின்றோம் என்று நினைத்தாள். வீட்டுக்குப் போய்ப் பையை எடுத்துக்கொண்டாள், அப்பா முகத்தைப் பார்க்காமல் பஸ் ஏறினாள். “சாப்பிட்டுப் போ கண்ணு” என்று அம்மா தெருமுனைவரை வந்தாள். 

பஸ்ஸில் ஜன்னலோரம் உட்கார்ந்ததும் மனசு ஆறவில்லை. 2006ஐ டப்பி தனக்குள் பிடித்து வைத்திருந்தது. இயர்போனைச் செருகி இன்னொரு முறை கேட்டாள். புண்ணைச் சொறிகிற சுகம்தான், வேறென்ன? அப்பா கேட்டார், அமைதி, மூச்சு, கவுளி.

கவுளி இடப்பக்கம் கேட்டது.

திடுக்கிட்டுத் திரையைப் பார்த்தாள். முள் வலப்பக்கம்தான் இருந்தது. மறுபடி போட்டாள். காதில் இடம், திரையில் வலம். இந்த டப்பியும் அப்பாவோடு சேர்ந்துகொண்டதா என்று எரிச்சலோடு வயரை உருவினாள். இயர்போனின் வலது பக்கம் செத்துப்போயிருந்தது. வயர் எங்கோ அறுந்து, வலது காதில் பொட்டுச் சத்தம் வரவில்லை. ஒரு காது மட்டும் வேலை செய்தால் எந்தச் சத்தமும் அந்தக் காதின் பக்கத்திலிருந்து வருவதாகத்தான் தோன்றும். இதை அவள் தினம் நாலு பேருக்கு விளக்குகிறாள்.

வயரைப் பிடித்தபடி அப்படியே உட்கார்ந்துவிட்டாள்.

அப்பா போனை இடது காதில்தான் வைப்பார். வலப்பக்கம் நின்று கூப்பிட்டால் திரும்பவே மாட்டார். திரும்பினாலும் தப்பான பக்கம் திரும்பி, “எங்க நின்னு கத்தற?” என்பார். திமிர் என்றுதான் அவள் நினைத்திருந்தாள், வீட்டில் எல்லோரும் அப்படித்தான் நினைத்தார்கள். சின்ன வயசில் பொன்னுக்கு வீங்கி வந்து பிழைத்த கதையை அவரே எத்தனை தடவை சொல்லியிருக்கிறார். அந்த அம்மை ஒரு காதை மட்டும் சத்தமில்லாமல் தின்றுவிட்டுப் போகும் என்பது அவள் படித்த ஒரு வருஷப் படிப்பிலேயே இருந்தது. கோவிந்தராஜுலு மேசையைத் தட்டிச் சொன்னதும் இதைத்தான். மனைவியின் குரலை எவ்வளவு கூட்டி என்ன, அன்றைக்கே கிழவர் காது போயிருந்தது. பதினைந்து வருஷமாக ஊர் காதையெல்லாம் பார்த்தவள், பெற்ற தகப்பன் காதைப் பார்க்கவில்லை. தலையில் அடித்துக்கொண்டாள். பக்கத்தில் இருந்த பெண் கொஞ்சம் தள்ளி உட்கார்ந்தாள்.

ஞாயிற்றுக்கிழமை காலை எட்டு மணிக்கெல்லாம், முகாம்களுக்குக் கொண்டுபோகும் சோதனைப் பெட்டியோடு ஊரில் இருந்தாள்.

“ஆப்பரேசனுக்கு முன்னால காது பாக்கோணுமாமுங்ப்பா” என்று பொய் சொன்னாள்.

“நான்தான் ஆப்பரேசன் வேண்டாங்கறனே.”

“காதத்தானுங்க பாக்கறேன். நெஞ்சத் தொடலீங்க.”

முணுமுணுத்துக்கொண்டே ஹெட்போனை மாட்டிக்கொண்டார். சத்தம் கேட்டால் கையைத் தூக்க வேண்டும் என்றாள். இடது காதுக்குச் சத்தம் விட்டாள். கை உயர்ந்தது. சின்னச் சத்தத்துக்கும் உயர்ந்தது, பாம்புக் காது. பிறகு அந்தக் காது ஒட்டுக்கேட்காதபடி அதற்குள் இரைச்சலை ஓடவிட்டு, வலது காதுக்கு மாற்றினாள். கை மடியில் கிடந்தது. கூட்டினாள். மடியிலேயே கிடந்தது. பெட்டியால் எவ்வளவு முடியுமோ அவ்வளவு கூட்டினாள். ஹெட்போனுக்கு வெளியே நின்ற காளியாத்தாளுக்கே அந்த ஊளை கேட்டது. காளிச்சாமி சுவரில் இருந்த காலண்டரைப் பார்த்துக்கொண்டு, எப்போது ஆரம்பிப்பாள் என்று காத்திருந்தார்.

ஹெட்போனைக் கழற்றிவிட்டு, அவர் இடப்பக்கம் வந்து உட்கார்ந்து, மெதுவாக எடுத்துச் சொன்னாள். வலது காது செத்து அறுபது வருஷத்துக்கு மேல் ஆகியிருக்கும் என்றாள். கவுளி எந்தப் பக்கம் சொன்னாலும் அவருக்கு இடப்பக்கம்தான் கேட்கும் என்றாள்.

காளிச்சாமி நம்பவில்லை. கடிகாரத்தை வலது காதில் வைத்துப் பார்த்தார், இடது காதில் வைத்துப் பார்த்தார். காளியாத்தாளைப் பின்னால் நின்று கைதட்டச் சொன்னார். அவள் வலப்பக்கம் தட்டினாள், அவர் இடப்பக்கம் திரும்பினார். நாலு தடவை தட்டினாள், நாலு தடவையும் அப்படியே. பிறகு அவர் முகம் மெல்ல மலர்ந்தது. செவ்வந்தி தன் ஆயுசில் பார்த்திராத முகம் அது.

“அப்ப ஆத்தாளுக்கு என்ற மேல கோவமில்லியா?”

“இல்லீங்ப்பா.”

“முப்பது வருசமா கோவமில்லியா?” குழந்தை மாதிரி அழுதார். மனைவி பக்கம் திரும்பினார். “வெள்ளிக்கெழம என்ன சொன்னா? ஏம்புள்ள, நீ கேட்டியா?”

“சோத்தாங்கைப் பக்கந்தானுங்க சொல்லுச்சு” என்றாள் காளியாத்தாள். “நான் நல்லாக் கேட்டேன்.”

செவ்வந்திக்கு அப்பாடா என்றிருந்தது. நேற்று வெயிலில் நடந்தது வீணாகவில்லை. மூட்டை கட்ட வேண்டியதுதான் என்று எழுந்தாள். அதற்குள் காளியாத்தாள், இத்தனை வருஷம் அடக்கி வைத்த பேச்சை அடக்க முடியாமல், சந்தோஷமாகவே சொல்லிவிட்டாள்: “அன்னிக்குப் புள்ளையப் படிக்க அனுப்பறதுக்குக் கேட்டப்பவும் சோத்தாங்கைப் பக்கந்தானுங்க. நான் அப்பவே சொன்னேன், நீங்கதான் வாய மூடுன்னீங்க.”



காளிச்சாமி மகளைப் பார்த்தார். சோதனைப் பெட்டியைப் பார்த்தார். அவள் கழுத்தில் தொங்கிய கிளினிக் அட்டையைப் பார்த்தார்.

“எரும போனாப் போச்சு. ஊடு போனாப் போச்சு” என்றார். “ஆத்தாளே குடுத்தத நான் புடுங்கிப்போட்டனே.”

“பழசெல்லாம் இப்ப எதுக்குங்ப்பா? கெளம்புங்க.”

“நான் வரலை அம்மணி.”

“ஏனுங்ப்பா? அதுதான் ஆத்தா உத்தரவு குடுத்துட்டாளே!”

“அவ குடுப்பா. அவளுக்குப் பெரிய மனசு. எனக்கு வேண்டாம். எம்புள்ளையக் குழியில தள்ளுன நெஞ்சு இது, இதத் தச்சு வெச்சு நான் என்ன பண்ணப்போறேன்?” கட்டிலில் சுவரைப் பார்த்துத் திரும்பிப் படுத்துக்கொண்டார். இடது காது தலையணையில் புதைந்தது. அதற்குமேல் அவளும் அம்மாவும் கெஞ்சியது, கத்தியது எதுவும் அவருக்குக் கேட்கவில்லை.

செவ்வந்திக்கு எங்கே போய் முட்டிக்கொள்வது என்று தெரியவில்லை. ஆத்தாள் வேண்டாம் என்றாள் என்று நேற்றுவரை வர மறுத்த மனுஷன், ஆத்தாள் சரி என்றாள் என்று இன்றைக்கு வர மறுக்கிறார். உண்மை தெரியாதபோதும் சாகிறேன் என்கிறார், தெரிந்தபோதும் சாகிறேன் என்கிறார். இப்படி ஒரு பிறவியை வைத்துக்கொண்டு ஆத்தாளே முப்பது வருஷம் என்ன பாடு பட்டாளோ! பையை எடுத்துக்கொண்டு வெளியே நடந்தாள். கால் தானாகக் கோயிலுக்குப் போனது.

உட்கார்ந்தாள். தேதியை வைத்தாள். அப்பா கேட்டார், அமைதி, அந்த மூச்சு, கவுளி. முள் வலப்பக்கம் சாய்ந்து நின்றது.

நேற்று முழுக்க இடத்தை வலமாக்க ஓடினாள். இதை இடமாக்கினால் அப்பா மேல் பழி இருக்காது, வந்துவிடுவார். இப்போது விரல் திருகைப் பிடித்துக்கொண்டு திரும்ப மறுத்தது. அவளுக்கென்று இருந்தது இது ஒன்றுதான். படிப்பு போனது, பேருக்கு முன்னால் வரவேண்டிய எழுத்து போனது, டாக்டர் என்ற பெயரில் யாரோ ஒருவன் அவள் போட்ட கோட்டுக்குக் கீழே கையெழுத்துப் போடுகிறான். ஆனால் சாமி சரி என்று சொன்னது, அதைக் கேட்ட அம்மா ஒருத்தி இருந்தாள். இந்தத் திருகைத் திருப்பினால் அதுவும் இருக்காது. அம்மா தலை வாரிவிடும்போது குனிந்து சொன்ன வாக்கியம் நடந்திருக்கவே நடந்திருக்காது.

“ஏன் ஆத்தா, நானே அழிக்கோணுமா?” என்று சத்தமாகவே கேட்டாள். கருவறைக்குள்ளிருந்து ஒரு சத்தமும் வரவில்லை. கவுளிகூடச் சொல்லவில்லை.

திருகைத் திருப்பினாள். முள் நடுவில் வந்தது, இடப்பக்கம் போனது. சிவப்பை அமுக்கினாள். டப்பியைத் துணியில் சுற்றிப் பையின் அடியில் வைத்துவிட்டு, கொஞ்ச நேரம் முழங்காலைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தாள்.

வீட்டுக்கு வந்தபோது காளிச்சாமி சவரம் செய்துகொண்டிருந்தார். வெள்ளை வேட்டி, துண்டு, தட்டு, டம்ளர் எல்லாம் ஒரு மஞ்சள் பையில் ஏறியிருந்தன. காளியாத்தாள் பையின் வாயைக் கட்டிக்கொண்டே, “எங்க கண்ணு போயிட்ட? உங்கப்பன் இன்னிக்கே கெளம்பி உங்கூட்ல தங்கிக்கறேங்கறாரு” என்றாள்.

செவ்வந்தி அம்மாவைத் தனியே இழுத்தாள். “அம்மா, அன்னிக்கு எனக்குப் படிக்கக் கேட்டப்போ, கவுளி எந்தப் பக்கமுங்க சொல்லுச்சு?”

காளியாத்தாள் கொஞ்சம் யோசித்தாள். அவள் கை மகளின் கன்னத்தைத் தொட்டது. “அது நெசமாவே பீச்சாங்கைப் பக்கந்தான் கண்ணு. நானும் பக்கத்துல நின்னு கேட்டேனே. இப்பத்தான் உங்கப்பனும் இதையே கேட்டாரு.”

சாயங்காலம் பஸ்ஸில் காளிச்சாமி ஜன்னலோரம் உட்கார்ந்தார். செவ்வந்தி அவருக்கு இடப்பக்கம் உட்கார்ந்தாள். பஸ் தெக்கலூரைத் தாண்டியது. பிறகு அவள் கையை எடுத்துத் தன் மடியில் வைத்துக்கொண்டார்.

“மத்ததெல்லாம் எங்காதுனால போச்சு அம்மணி. எனக்கு ஒரே ஒரு நிம்மதி. உன்ற படிப்பு மட்டும் ஆத்தாளே வேண்டாம்னுட்டா. அவ மட்டும் சரின்னு சொல்லியிருந்தா, நான் தலைய அடமானம் வெச்சாவது உன்னய டாக்டராக்கியிருப்பேன்.”

செவ்வந்தி அவர் இடது காதுக்குப் பக்கத்தில் குனிந்தாள்.

“ஆமாங்ப்பா” என்றாள்.